ஒரே அமர்வில் ஒரு முழு ஆல்பம்: 'க்ளோஸ் டு தி எட்ஜ்' உயர்தெளிவு ஒலியில்

இந்த அத்தியாயத்தில் உங்களுக்கு ஒரே ஒரு வேலைதான். யெஸ் என்ற இங்கிலாந்து ராக் குழுவின் 'க்ளோஸ் டு தி எட்ஜ்' ஆல்பத்தை நல்ல பதிப்பாகத் தேடி எடுக்க வேண்டும். வழியில் எங்கும் தரம் குறையாமல் அதைக் காதுவரை கொண்டுவர வேண்டும். பிறகு முதலிலிருந்து கடைசிவரை உட்கார்ந்து கேட்க வேண்டும்.

1972 செப்டம்பரில் வெளிவந்த ஆல்பம் இது. மூன்றே உருப்படிகள். இசைத்தட்டின் முதல் பக்கம் முழுவதையும் தலைப்புப் பாடல் எடுத்துக்கொள்கிறது. ஏறக்குறைய 18 நிமிடம் 43 விநாடி. மறுபக்கத்தில் 'அண்ட் யூ அண்ட் ஐ' பத்து நிமிடம், 'சைபீரியன் கட்ரு' ஒன்பது நிமிடம். மொத்தம் 38 நிமிடத்துக்குச் சற்றுக் குறைவு. பாடுபவர் ஜான் ஆண்டர்சன், கிட்டார் ஸ்டீவ் ஹவ், பேஸ் கிட்டார் கிறிஸ் ஸ்கொயர், கீபோர்டு ரிக் வேக்மன், டிரம்ஸ் பில் புரூஃபோர்டு. லண்டன் அட்விஷன் ஸ்டூடியோவில் ஒலிப்பதிவு செய்தவர் எடி ஆஃபோர்டு.

புரோகிரசிவ் ராக்கில் எத்தனையோ ஆல்பங்கள் இருக்க, இதைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. மிக மெல்லிய ஒலியும் மிக உரத்த ஒலியும் இதில் அடுத்தடுத்து வருகின்றன. ஐந்து பேரும் ஒரே நேரத்தில் வெவ்வேறு வழியில் ஓடும் இடங்கள் உண்டு. தேவாலய ஆர்கனின் அடித்தொனி உண்டு, மின் சித்தாரின் கிணுகிணுப்பும் உண்டு. உங்கள் கருவிகளில் எது பலவீனம் என்பதை இந்த ஒரே ஆல்பம் காட்டிவிடும்.

கோட்பாடு இவ்வளவு போதும்

சிடியின் தரம் 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ். 'ஹை-ரெஸ்' என்று விற்கப்படுவது பெரும்பாலும் 24 பிட், 96 அல்லது 192 கிலோஹெர்ட்ஸ். கிலோஹெர்ட்ஸ் எண்ணைப் பாதியாக்கினால், அந்தக் கோப்பில் அடங்கக்கூடிய உச்ச அதிர்வெண் கிடைக்கும். சிடிக்கு அது 22.05. மனிதக் காது நல்ல இளமையிலேயே 20 வரைதான் கேட்கும். வயது ஏற ஏறக் குறையும். பிட் என்பது மெல்லிய ஒலிக்கும் உரத்த ஒலிக்கும் இடையிலான தூரம். 16 பிட்டில் சுமார் 96 டெசிபல், 24 பிட்டில் கணக்குப்படி 144. 1972இன் ஒலிநாடா தரக்கூடியதோ ஏறக்குறைய 60, 70 டெசிபல்தான்.

அப்படியானால் அந்த நாடாவில் இருந்தது சிடியிலேயே அடங்கிவிடுமே என்று கேட்பீர்கள். ஆம், அடங்கிவிடும். 2007இல் ஆடியோ எஞ்சினியரிங் சொசைட்டியின் ஆய்விதழில் மேயர், மோரன் இருவரும் வெளியிட்ட சோதனையில், வேறுபாட்டைக் கேட்போரால் அடையாளம் காண முடியவில்லை. 2016இல் ஜோஷுவா ரீஸ் பல ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது சிறியதொரு வேறுபாடு தென்பட்டது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால், எண்களால் வரும் லாபம் இருந்தாலும் மிகச் சிறியது.

பிறகு ஏன் ஹை-ரெஸ்? கவனத்தோடு செய்யப்பட்ட பதிப்புகள் பெரும்பாலும் அந்த வடிவில்தான் வெளிவருகின்றன. மூல நாடாவிலிருந்து புதிதாக எடுத்தது, ஒலியை நசுக்காமல் மாஸ்டர் செய்தது ஆகியவை அங்கேதான் கிடைக்கின்றன. அதனால் உங்கள் கவனம் போக வேண்டிய வரிசை இது: முதலில் எந்தப் பதிப்பு, அடுத்து ஹெட்போன் அல்லது ஸ்பீக்கர், அதற்கடுத்து அறையின் அமைதி, கடைசியாகத்தான் பிட்டும் கிலோஹெர்ட்ஸும்.

முதல் வேலை: பதிப்பைத் தேர்வது

இரண்டு சொற்களைப் பிரித்து வைத்துக்கொள்ளுங்கள். தனித்தனித் தடங்களில் பதிவான குரலையும் கருவிகளையும் எந்த அளவில், எந்தப் பக்கத்தில் வைப்பது என்று முடிவு செய்வது மிக்ஸ். அப்படி முடிந்த மிக்ஸை வெளியீட்டுக்காகச் சீர்செய்வது மாஸ்டரிங். 'ரீமாஸ்டர்' என்றால் 1972இன் மிக்ஸ் அப்படியே இருக்கும், பூச்சுதான் மாறும். 'ரீமிக்ஸ்' என்றால் மூலத் தடங்களுக்கே போய்த் திரும்பக் கலந்திருக்கிறார்கள்.

1. 2013இல் பானிஜிரிக் நிறுவனம் வெளியிட்ட பதிப்பை முதலில் தேடுங்கள். போர்க்குபைன் ட்ரீ குழுவை நிறுவிய ஸ்டீவன் வில்சன் மூலத் தடங்களிலிருந்து செய்த ரீமிக்ஸ் அது. சிடியோடு டிவிடி-ஆடியோ, சிடியோடு புளூ-ரே என்று இரு வடிவங்களில் வந்தது. 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் ஸ்டீரியோவும் 5.1 சரவுண்டும் அதில் உண்டு. 1972இன் மூல மிக்ஸும் அதே தட்டில் இருக்கிறது.

2. முதன்முறை கேட்பவர் வில்சன் மிக்ஸில் தொடங்கலாம். அதில் கருவிகள் ஒன்றையொன்று மூடாமல் தெரியும். ஆனால் இந்த ஆல்பத்தைக் கேட்டுவிட்டேன் என்று சொல்ல வேண்டுமானால் 1972 மிக்ஸைக் கேட்டே ஆக வேண்டும். ஐந்து இசைக்கலைஞர்களும் ஆஃபோர்டும் அன்று 'இதுதான்' என்று ஒப்புக்கொண்டது அதைத்தான்.

3. ஸ்ட்ரீமிங் சந்தாவில் கேட்பவர்கள், ஆல்பம் பக்கத்தில் எந்த ஆண்டின் பதிப்பு என்று பார்த்தபின் தொடுங்கள். ஒரே ஆல்பம் மூன்று நான்கு வடிவங்களில் கிடக்கும். 'டீலக்ஸ்' என்ற சொல் ஒலியைப் பற்றி எதையும் சொல்லாது.

4. காசு கொடுத்து இறக்கும் கோப்பானால், தரம் குறையாமல் சுருக்கும் ஃபிளாக் வடிவில் வாங்குங்கள். 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸில் இந்த ஆல்பம் சுருக்கப்படாமல் 1.3 ஜிபி வரும். ஃபிளாக்கில் அதைவிடக் கணிசமாகக் குறையும். வெறும் 90 எம்பியில் 'ஹை-ரெஸ் ஆல்பம்' என்று யாராவது அனுப்பினால் அது வேறு எதுவோ.

*குறிப்பு: கோப்பு அசலா என்று பார்க்க.* ஆடாசிட்டி என்ற இலவச மென்பொருளில் கோப்பைத் திறந்து, அலைவடிவக் காட்சியை ஸ்பெக்ட்ரோகிராமாக மாற்றுங்கள். காட்சியின் மேல் எல்லையையும் கோப்பின் உச்ச அதிர்வெண் வரை உயர்த்திவையுங்கள். கீழே அடர்ந்த வண்ணம் இருக்கும். மேலே போகப்போக மங்கும். அசலான கோப்பில் அந்த மங்கல் படிப்படியாக நடக்கும். 22 கிலோஹெர்ட்ஸுக்கு மேலும் நாடாவின் இரைச்சல் மெல்லிய தூசிபோலத் தெரியும். சரியாக 22க்கு அருகே கத்தியால் வெட்டியதுபோல் ஒரு கோடு, அதற்கு மேல் முழுக் கறுப்பு என்றால், அது சிடியை ஊதிப் பெருக்கிய கோப்பு. கோடு 16இலோ 20இலோ விழுந்தால் எம்பி3யிலிருந்து பிறந்தது. எம்பி3யை ஃபிளாக்காக மாற்றினால் கோப்பு மட்டும்தான் பருக்கும். போன ஒலி திரும்பாது. யூடியூபில் 'ஹை-ரெஸ் 192' என்று தலைப்புப் போட்டிருப்பவையும் கேட்புக்கு வருவது சுருக்கப்பட்ட ஒலியாகத்தான்.

இரண்டாவது வேலை: பாதையைச் சரிசெய்வது

கோப்பு நன்றாக இருந்தும், காதுக்கு வருவதற்குள் அது இரண்டு மூன்று இடங்களில் உருமாறிவிடும். போனில் கேட்பவரும் கணினியில் கேட்பவரும் தமக்குரிய படிகளை மட்டும் செய்தால் போதும்.

1. புளூடூத்தை விட்டு வயருக்கு வாருங்கள். எஸ்பிசி, ஏஏசி என்று புளூடூத்தில் பரவலாக உள்ள முறைகள் எல்லாம் ஒலியைச் சுருக்கியே அனுப்புபவை. எல்டாக் முறைகூட உச்சத்தில் விநாடிக்கு 990 கிலோபிட்தான் தாங்கும். 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் கோப்புக்குச் சுருக்காத நிலையில் 4,608 வேண்டும். புளூடூத்தில் இந்த ஆல்பம் ரசிக்கும்படி இருக்காது என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஹை-ரெஸ்ஸுக்காகச் செலவு செய்துவிட்டு அதில் கேட்பது வீண்.

2. ஒரு டாக் வாங்குங்கள். டிஜிட்டல் எண்களை மின் அலையாக மாற்றும் கருவி அது. போனின் யு.எஸ்.பி. துளையில் செருகும் விரல் நீள டாங்கிள் சில ஆயிரம் ரூபாய்க்குக் கிடைக்கிறது. தொடக்கத்துக்கு அது தாராளம்.

3. ஐபோனில் ஆப்பிள் மியூசிக் கேட்பவர்கள் செட்டிங்ஸில் மியூசிக் பகுதிக்குப் போய், ஆடியோ குவாலிட்டியில் லாஸ்லெஸ் வகையை இயக்குங்கள். 48 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் போக வெளி டாக் வேண்டும். அங்கேயே டால்பி அட்மாஸை நிறுத்திவையுங்கள். இல்லாவிட்டால் நீங்கள் தேடிப் பிடித்த ஸ்டீரியோ மிக்ஸுக்குப் பதிலாக வேறொரு மிக்ஸ் ஓடக்கூடும்.

4. ஆண்ட்ராய்டு போன்கள் பல, எந்தக் கோப்பையும் 48 கிலோஹெர்ட்ஸுக்கு மாற்றித்தான் வெளியே விடும். யு.எஸ்.பி. ஆடியோ பிளேயர் ப்ரோ போன்ற செயலிகள் அந்த மாற்றத்தைத் தாண்டி நேராக டாக்குக்கு அனுப்பும்.

5. விண்டோஸில் கண்ட்ரோல் பேனலின் சவுண்ட் பகுதியில் உங்கள் டாக்கைத் தேர்ந்து, பிராப்பர்ட்டீஸில் அட்வான்ஸ்டு தாவலைத் திறவுங்கள். டீஃபால்ட் ஃபார்மட் என்ன எண்ணில் இருக்கிறதோ, எல்லாக் கோப்பும் அந்த எண்ணுக்குத்தான் மாற்றப்படும். கோப்பின் எண்ணையே அங்கே வையுங்கள். ஃபூபார்2000 மென்பொருளை எக்ஸ்குளூசிவ் முறையில் இயக்கினால் இந்தத் தொல்லை இல்லை. மேக்கில் இதே வேலையை ஆடியோ மிடி செட்டப் செய்யும்.

6. ஈக்வலைசர், பேஸ் பூஸ்ட், 'சவுண்ட் என்ஹான்ஸ்மெண்ட்', கிராஸ்ஃபேடு எல்லாவற்றையும் அணையுங்கள். கிராஸ்ஃபேடு இருந்தால் முதல் பாடலின் கடைசி ஒலிகள் மீது அடுத்த பாடல் ஏறிவிடும்.

7. சரிபாருங்கள். பல டாக்குகளில் சின்ன விளக்கு ஒன்று வரும் அதிர்வெண்ணுக்கு ஏற்ப நிறம் மாறும். 44.1க்கும் 96க்கும் ஒரே நிறம் காட்டினால், வழியில் எதுவோ கோப்பை மாற்றுகிறது என்று பொருள்.

எச்சரிக்கை: நான்காம், ஐந்தாம் படிகளில் சொன்ன நேரடி முறையில் போனின், கணினியின் வால்யூம் கட்டுப்பாடு வேலை செய்யாமல் போகலாம். அப்போது ஒலி முழு அளவில் வெடித்துக்கொண்டு வரும். புதிதாக எதை இணைத்தாலும் ஹெட்போனைக் கையில் வைத்துக்கொண்டு முதலில் ஓட்டுங்கள். அளவு தெரிந்தபின் காதில் மாட்டுங்கள்.

ஹெட்போனா, ஸ்பீக்கரா?

சத்தமில்லாத தனி அறை இல்லாத வீட்டில் ஹெட்போன்தான் நியாயமான தேர்வு. காதை முழுவதும் சூழும் வகை நல்லது. முதுகு திறந்த வகை இசைக்கு அகலம் தரும். ஆனால் வெளிச்சத்தம் அப்படியே உள்ளே வரும். தெருவோரம் குடியிருப்பவர்கள் மூடிய வகையை எடுங்கள்.

ஸ்பீக்கர் என்றால், இரண்டு ஸ்பீக்கரும் நீங்களும் சம பக்க முக்கோணமாக இருக்க வேண்டும். கூர்மையான ஒலி தரும் சிறிய கூம்பு உட்கார்ந்த நிலையில் காது உயரத்துக்கு வரட்டும். பின்சுவரிலிருந்து ஓரடியாவது தள்ளி வையுங்கள். மூலையில் ஒட்டி வைத்தால் ஸ்கொயரின் பேஸ் கிட்டார் உறுமலாகக் குழம்பிவிடும்.

வயர் மாட்டும்போது:

1. ஆம்பிளிஃபயரை அணைத்து, பிளக்கைப் பிடுங்கிய பிறகே ஸ்பீக்கர் வயரைத் தொடுங்கள்.
2. செம்புக் கம்பியின் ஒரு இழைகூடச் சிவப்பு முனையிலிருந்து கறுப்பு முனைக்குத் தொட்டுக்கொண்டிருக்கக் கூடாது. ஆம்பிளிஃபயர் எரிந்துபோகும் வழிகளில் அதுவும் ஒன்று.
3. இரண்டு ஸ்பீக்கரிலும் சிவப்பு சிவப்போடும் கறுப்பு கறுப்போடும் சேர வேண்டும். ஒன்றில் மாறிவிட்டால் பேஸ் மெலிந்து, ஒலி எங்கிருந்து வருகிறது என்றே தெரியாது.
4. இயக்கும்போது ஆம்பிளிஃபயர் கடைசி. அணைக்கும்போது அதுவே முதல்.
5. 'ம்ம்ம்' என்ற உறுமல் கேட்டால் லேப்டாப்பின் சார்ஜரைக் கழற்றிப் பாருங்கள். உறுமல் நின்றால் கோளாறு மின்னிணைப்பின் எர்த் பக்கம். அதற்காக மூன்று முனைப் பிளக்கின் எர்த் முனையை உடைத்துவிடாதீர்கள். ஷாக்கிலிருந்து உங்களைக் காப்பது அதுதான். எலெக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள். இடி மின்னல் நேரத்தில் பிளக்கைக் கழற்றிவிடுங்கள்.

வால்யூம் வைக்கும் முறை

இந்த ஆல்பத்தில் பெரும்பாலோர் தவறும் இடம் இதுதான். காதுக்கு ஆபத்தும் இங்கேதான் இருக்கிறது. தலைப்புப் பாடல் பறவைகளின் ஒலியோடும் ஓடும் நீரின் ஒலியோடும் மிக மெதுவாக எழுகிறது. முதல் சில விநாடிகளில் எதுவுமே கேட்காது. 'ஓடவில்லையோ' என்று வால்யூமை ஏற்றுவோம். ஏறக்குறைய ஒரு நிமிடம் ஆகும்போது, அறிவிப்பே இல்லாமல் முழுக் குழுவும் உள்ளே பாயும்.

1. தலைப்புப் பாடலை இரண்டாவது நிமிடத்திலிருந்து ஓட்டுங்கள். முழுக் குழுவும் ஓடும் பகுதி அது.
2. வால்யூமைச் சுழியிலிருந்து மெல்ல ஏற்றி, தெளிவாகவும் தொல்லையில்லாமலும் கேட்கும் இடத்தில் நிறுத்துங்கள்.
3. ஸ்பீக்கரானால், கை நீட்டும் தூரத்தில் இருப்பவர் சாதாரணக் குரலில் பேசினால் உங்களுக்குக் கேட்க வேண்டும்.
4. பாடலைத் தொடக்கத்துக்குக் கொண்டுபோங்கள். இனி 38 நிமிடமும் வால்யூமைத் தொடாதீர்கள்.

உலகச் சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி, பெரியவர்கள் 80 டெசிபல் அளவில் வாரத்துக்கு 40 மணி நேரம் கேட்கலாம். 90 டெசிபலானால் வாரம் முழுவதற்கும் 4 மணி நேரம்தான். கேட்டு முடித்தபின் காதில் ரீங்காரம் இருந்தால் அளவு மீறிவிட்டது என்று பொருள். அன்றைக்கு மேற்கொண்டு கேட்காதீர்கள். அது மறுநாளும் தொடர்ந்தால் மருத்துவரைப் பாருங்கள். போன காது திரும்ப வராது. வண்டி ஓட்டும்போது ஹெட்போனில் இந்த ஆல்பம் மட்டுமல்ல, எதுவுமே வேண்டாம்.

கேட்கும் நேரம்

போனை ஏரோப்ளேன் முறையில் போடுங்கள். ஸ்ட்ரீமிங்கானால் ஆல்பத்தை முன்பே இறக்கிவையுங்கள். மின்விசிறியை, முடிந்தால், முதல் இரண்டு நிமிடத்துக்கும் பாடலின் நடுப்பகுதிக்குமாவது நிறுத்துங்கள். விடியற்காலையும் பின்னிரவும் நல்ல வேளைகள். அறை விளக்கு எப்படியிருந்தாலும் பரவாயில்லை.

இசைத்தட்டின் உறை கிடைத்தால் அருகில் வைத்துக்கொள்ளுங்கள். வெளியே வெறும் பச்சை. விரித்தால் உள்ளே ரோஜர் டீன் வரைந்த நிலக்காட்சி, நாலாபுறமும் நீர் விளிம்பு தாண்டி வழியும் ஏரி. யெஸ் குழுவின் புகழ்பெற்ற வளைந்த எழுத்துச் சின்னம் முதலில் வந்தது இந்த உறையில்தான்.

*தொடக்கம்.* பறவை, நீர். சரியான கருவியில் அந்த ஒலிகள் ஒரே புள்ளியில் இல்லாமல் பரந்து நிற்கும். பிறகு அந்தப் பாய்ச்சல். ஹவின் கிட்டார் கோணல் கோணலாக ஓட, ஸ்கொயரின் பேஸ் வேறு திசையில் ஏற, புரூஃபோர்டு இரண்டுக்கும் நடுவே அடிக்கிறார். நடுவில் குழுவின் குரல்கள் சட்டென்று வெட்டி நிறுத்தும், மறுபடி ஓட்டம். முதல்முறை கேட்பவருக்கு இது கூச்சலாகத்தான் தெரியும். இங்கே ஒரு பயிற்சி செய்யுங்கள்: கிட்டாரை விட்டுவிட்டு பேஸை மட்டும் பின்தொடருங்கள். ஸ்கொயர் ரிக்கன்பேக்கர் பேஸைப் பிக்கால் மீட்டுபவர். அதனால் ஒவ்வொரு சுரத்துக்கும் முன்னால் கம்பியில் பிக் படும் 'டிக்' கேட்க வேண்டும். அது கேட்டால் உங்கள் பாதை சுத்தம். வெறும் 'தொம் தொம்' மட்டும் வந்தால் ஹெட்போனையோ ஸ்பீக்கர் வைத்த இடத்தையோ சந்தேகியுங்கள்.

*மூன்றாவது நிமிடம்.* ஓட்டம் தெளிந்து கிட்டாரில் ஒரு மெட்டு பிறக்கும். அதை மனத்தில் பதித்துக்கொள்ளுங்கள். பாடல் முழுக்க உருமாறி உருமாறி வரும். பாட்டு தொடங்கும் பகுதியில் ஹவ் கையில் இருப்பது கோரல் மின் சித்தார். அது சித்தார் அல்ல, கிட்டார்தான். அதன் குதிரை கம்பியைச் சற்று உரசவிட்டுக் கிணுகிணுப்பை உண்டாக்கும். தம்புராவின் ஜீவா ஒலி பழகிய காதுக்கு இந்த உரசல் உடனே பிடிபடும். எம்பி3யைக் கடுமையாகச் சுருக்கினால் முதலில் சிதைபவற்றில் இந்த வகை மேல்சுரங்கள் உண்டு.

இங்கே தாளம் போட்டுப் பார்க்கத் தோன்றும். முதல் தடவை வேண்டாம். கணக்கில் இறங்கினால் மற்றதெல்லாம் கைநழுவும். மூன்றாம் நான்காம் முறை கேட்கும்போது போட்டுப் பாருங்கள், அருமையாக இருக்கும்.

*எட்டரை நிமிடம்.* எல்லாம் அடங்கும். துளித்துளியாக கீபோர்டு, பெரிய வெளியில் விடப்பட்டதுபோன்ற எதிரொலி. இரண்டு குரல் வரிசைகள் வெவ்வேறு சொற்களை ஒன்றன்மேல் ஒன்றாகப் பாடுகின்றன. ஒன்றை மட்டும் கேளுங்கள். அடுத்த முறை மற்றதை. பின்னணியில் மெல்லிய 'ஸ்ஸ்' கேட்கலாம். அது ஒலிநாடாவின் இரைச்சல், குறை அல்ல. அதை வடிகட்டித் துடைக்கும் மாஸ்டர்கள் குரலின் மூச்சையும் சேர்த்தே துடைத்துவிடுகின்றன.

*பன்னிரண்டாம் நிமிடம் கடந்ததும்.* தேவாலய ஆர்கன். ஸ்டூடியோவில் வாசித்ததல்ல, லண்டன் செயின்ட் ஜைல்ஸ் கிரிப்பிள்கேட் தேவாலயத்தின் குழலார்கனை வேக்மன் வாசித்து, அந்த ஒலியைப் பாடலில் சேர்த்தார்கள். அடித்தொனி காதில் கேட்பதைவிட அழுத்தமாக உணரப்பட வேண்டும். சிறிய இயர்போன்களில் அந்த அடித்தொனி கிடைக்காது. ஒவ்வொரு கொத்தும் நின்றபின் தேவாலயக் கூடத்தில் அது கரையும் வாலைக் கவனியுங்கள். நல்ல பதிப்புக்கும் நசுக்கிய பதிப்புக்கும் வித்தியாசம் எனக்கு முதலில் தெரிவது அந்த வாலில்தான். நசுக்கிய பதிப்பில் ஆர்கனும் டிரம்ஸும் ஒரே உயரத்துக்கு வந்துவிடும். அமைதியிலிருந்து இவ்வளவு தூரம் ஏறிவந்தோம் என்ற உணர்வே போய்விடும்.

*முடிவு.* ஓட்டம் திரும்பும், வேக்மனின் ஹேமண்ட் ஆர்கன் தனி ஆவர்த்தனம் வரும், மூன்றாவது நிமிட மெட்டு நிறைவாகத் திரும்பும். பறவையும் நீரும் மறுபடி வந்து மறையும். ஆண்டர்சன் இந்தப் பாடலை எழுதத் தூண்டியது ஹெர்மன் ஹெஸ்ஸேயின் 'சித்தார்த்தா' நாவல். அதில் ஆறுதான் ஆசான். திருலோக சீதாராம் அதைத் தமிழில் மொழிபெயர்த்திருக்கிறார். பாடலின் சொற்களுக்கு வரிக்கு வரி பொருள் தேடுவதைவிட அந்த நாவலைப் படிப்பது அதிகம் உதவும்.

இங்கே நிறுத்துங்கள். இசைத்தட்டில் பக்கம் திருப்ப வேண்டிய இடம் இது. இரண்டு நிமிடம் ஹெட்போனைக் கழற்றிவைத்துக் காதுக்கு ஓய்வு கொடுங்கள்.

*இரண்டாம் பக்கம்.* 'அண்ட் யூ அண்ட் ஐ' பன்னிரண்டு கம்பிக் கிட்டாரின் மெல்லிய மணியொலிச் சுரங்களோடு தொடங்குகிறது. கம்பி அதிர்ந்து தேயும்வரை கேளுங்கள். 'சைபீரியன் கட்ரு'வில் நடுவே ஹார்ப்சிகார்டு வரும். கம்பி சுண்டப்படும் கூர்மை காதைக் குத்தாமல் வர வேண்டும். குத்தினால் வால்யூம் அதிகம், அல்லது ஹெட்போன் மேல்தொனியைத் தூக்கிக் காட்டுகிறது.

ஒப்பிட்டுப் பார்க்க விரும்புவோருக்கு

உங்கள் காதுக்கு ஹை-ரெஸ் வித்தியாசம் தெரிகிறதா என்பதை நீங்களே சோதிக்கலாம். சிடியை ஒரு கையிலும் புதிய புளூ-ரேயை மறுகையிலும் வைத்து ஒப்பிட்டால் பயனில்லை, மாஸ்டரே வேறு.

1. 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் கோப்பை எடுத்து, அதிலிருந்தே 16 பிட், 44.1 நகல் ஒன்று உருவாக்குங்கள்.
2. ஃபூபார்2000இல் ஏபிஎக்ஸ் என்ற துணைநிரலைச் சேருங்கள். எது எது என்று மறைத்து அது ஓட்டும்.
3. ஆர்கன் பகுதியில் 20 விநாடியைத் தேர்ந்து 16 முறை ஊகியுங்கள்.
4. 12 அல்லது அதற்கு மேல் சரியென்றால் வெறும் குருட்டு அதிர்ஷ்டமாக இருக்க வாய்ப்பு நூற்றுக்கு நாலுக்கும் குறைவு. 8, 9 என்றால் வித்தியாசம் தெரியவில்லை. பெரிய கோப்புகளுக்காகப் போனில் இடம் ஒதுக்க வேண்டியதில்லை.

வெவ்வேறு பதிப்புகளை ஒப்பிடும்போது முதலில் ஒலியளவைச் சமமாக்குங்கள். அரை டெசிபல் உரத்திருப்பதே காதுக்கு 'தெளிவு' என்று தோன்றிவிடும். ரீப்ளேகெயின் வசதி இதைச் செய்யும்.

அடிக்கடி நடக்கும் தவறுகள்

ஆயிரக்கணக்கில் கேபிளுக்குக் கொடுப்பது முதல் தவறு. ஒழுங்காகச் செய்த சாதாரண வயரே போதும். அந்தப் பணம் ஹெட்போனுக்குப் போகட்டும். 5.1 வசதி இருக்கிறது என்று முதல் தடவையே சரவுண்டில் கேட்பது இரண்டாவது. பின்னால் எது ஒலிக்கிறது என்பதிலேயே கவனம் போய்விடும். ஆல்பம் பழகியபின் அதைக் கேட்டால் மகிழ்ச்சி கூடும். பாடலை நடுவில் நிறுத்தி 'இந்த இடம்தான்' என்று பத்து விநாடியைத் திரும்பத் திரும்ப ஓட்டுவது மூன்றாவது. கருவியைச் சோதிக்கும் நாள் வேறு, ஆல்பம் கேட்கும் நாள் வேறாக இருக்கட்டும்.

புதிதாக எதையும் வாங்க இப்போது வசதி இல்லையென்றால் காத்திருக்காதீர்கள். சாதாரண சிடி தரத்தில், வயர் வைத்த நல்ல ஹெட்போனில், வால்யூமை மேலே சொன்னபடி வைத்து இந்த வாரமே ஒருமுறை முழுதாகக் கேளுங்கள். ஹை-ரெஸ் பதிப்பை அதன்பிறகு வாங்கலாம். வாங்கினால் வில்சன் மிக்ஸும் 1972 மிக்ஸும் சேர்ந்திருக்கும் பதிப்பையே வாங்குங்கள்.